காயல் வீதிகளில் காதுக்கு ஒரு பயணம்



திருநெல்வேலியிலிருந்து திருச்செந்தூர் செல்லும் இரயிலில் ஒரு முறையேனும் பயணம் செய்து பாருங்கள். ஸ்ரீவைகுண்டம், ஆழ்வார்திருநகரி வரை தாமிரபரணியின் வளம் வாழைத் தோட்டங்களாகவும் வயல்களாகவும் கூடவே வரும். நாசரேத், குரும்பூர் கழிந்து ஆறுமுகநேரியை நெருங்கும்போது பசுமை மெல்ல விலகி, உப்பளங்களின் வெண்மை தோன்றும். காற்றில் கடலின் வாடை கலந்திருக்கும். அடுத்த நிறுத்தம் காயல்பட்டினம். அங்கே இறங்குவோரை இறக்கிவிட்டு, முருகன் கோயிலுக்குச் செல்லும் பக்தர்களைச் சுமந்தவண்ணம் இரயில் தன் கடைசி ஊரான திருச்செந்தூருக்குப் புறப்பட்டுவிடும்.

காயலின் பழம்பெருமையைப் பலரும் எழுதிவிட்டனர். 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் இக்கடற்கரைக்கு வந்த வெனிஸ் நகரத்து மார்க்கோ போலோ, அரபு நாட்டுக் குதிரைகள் வந்திறங்கிய காயல் துறைமுகத்தைப் பற்றி எழுதியிருக்கிறார். அத்துறைமுகம் இன்று பழையகாயல் என வழங்கும் ஊரை ஒட்டியிருந்தது என்பது ஆய்வாளர் கூற்று. பள்ளிவாசல்கள், மார்க்க மேதைகள், கொழும்புக்கும் ஹாங்காங்குக்கும் சென்று மாணிக்க வணிகம் செய்தோர் என்று சொல்லிக்கொண்டே போகலாம். அவற்றை நான் மீண்டும் எழுதப் போவதில்லை. நான் ஓதிக்கொடுக்கும் மதரஸாவில் காயல் பிள்ளைகளும் உண்டு. கம்பம், உத்தமபாளையம் பிள்ளைகளும் உண்டு. ஆம்பூரிலிருந்து வரும் உருதுப் பிள்ளைகளும் உண்டு. அவர்கள் பொருட்டு நான் காயலுக்குப் பலமுறை சென்றிருக்கிறேன். செல்லும்போதெல்லாம் கண்ணைவிடக் காதுக்கே அங்கு எனக்கு வேலை அதிகம்.

மொழி தெரியாத இருவர் பேசிக்கொள்வதைக் கவனித்திருக்கிறீர்களா? ஒரு வங்காளத் தொழிலாளியும் நம்மூர்க் கடைக்காரரும் பேசும்போது இருவரும் விழிப்பாக இருப்பர். கையைக் காட்டுவர், விரலை மடக்கி எண்ணுவர், ஒன்றுக்கு மூன்று முறை கேட்டு உறுதி செய்துகொள்வர். அங்கே பிணக்கு வருவது அரிது. ஒரே மொழி பேசுவோரிடம் இந்த விழிப்பு இருப்பதில்லை. அறியாத சொல்லை நாம் நின்று கேட்டுவிடுகிறோம். அறிந்த சொல்லையோ யாரும் கேட்பதில்லை. நமக்குத் தெரிந்த பொருளை அதன்மீது நாமே ஏற்றிக்கொண்டு நடந்துவிடுகிறோம்.

காயல் விருந்தொன்றில் என்னுடன் வந்திருந்த தமிழாசிரியர் ஒருவரிடம், பரிமாறிய இளைஞர், "ஆணம் ஊற்றவா?" என்று கேட்டார். நண்பர் இந்து சமயத்தவர், அச்சொல்லைக் கேட்டதில்லை. "ஆணம் என்றால் என்ன தம்பி?" என்றார். "குழம்பு சார்" என்று பதில் வந்தது. மகிழ்ந்து ஊற்றிக்கொண்டார். அத்துடன் முடிந்தது. ஆனால் அதே நண்பர், வாசலில் ஒரு சிறுவன், "காக்கா வருது, காக்கா வருது" என்று கூவியபோது வானத்தைத்தான் பார்த்தார். வந்தவர் அச்சிறுவனின் மூத்த சகோதரர்! காயலில் அண்ணனைக் காக்கா என்பர். வயதில் மூத்த ஆடவரையும் மரியாதையாக அவ்வாறே அழைப்பர். எங்கள் ஆம்பூர்ப் பிள்ளைகளுக்கோ காக்கா என்றால் தந்தையின் உடன்பிறந்தார். நாகூர்ப் பக்கம் அண்ணனுக்கு நானா என்று பெயர். அந்த நானாவே உருதுக்காரர் வீட்டில் தாயைப் பெற்ற பாட்டனார் ஆகிவிடுகிறார். கடல் கடந்து கொழும்புக்குச் சென்றாலோ, அங்குள்ள நம் சகோதரர் வீடுகளில் தாத்தா என்று அழைத்தால் அக்கா திரும்பிப் பார்ப்பார்; பக்கத்துச் சிங்களவர் வீட்டில் அதே ஒலிக்குத் தந்தை திரும்பிப் பார்ப்பார். மதுரை, திண்டுக்கல் பக்கத்தில் நாங்கள் தந்தையை அத்தா என்கிறோம். முதலெழுத்தைச் சற்றே நீட்டிவிட்டால் கிராமத்துத் தாயார்கள் திரும்பிப் பார்ப்பார்கள்!

இவை சிரித்துவிட்டுப் போகத் தக்கவை. எல்லாச் சமயத்திலும் சிரிப்போடு போவதில்லை.

எங்கள் மதரஸாவில் பத்து வயதுக் காயல் மாணவன் ஒருவன் ஒருநாள் காலை தொலைபேசியில் செய்தி கேட்டுவிட்டு, விம்மியபடி வந்து நின்றான். "அப்பா மௌத்தாகிட்டாங்க" என்றான். அன்று பொறுப்பில் இருந்தவர் தேனிப் பக்கத்து இளம் ஆசிரியர். வேலையில் சேர்ந்து இரண்டு வாரம்கூட ஆகவில்லை. அவர் துடித்துப்போனார். சிறுவனை அணைத்துக்கொண்டு அழுதார். எத்தீமாகிவிட்ட அப்பிள்ளைக்காக எல்லா மாணவரையும் கூட்டித் துஆச் செய்தார். அவன் படிப்புச் செலவைத் தாமே ஏற்பதாகவும் சொல்லிவிட்டார். பிள்ளையை ஊருக்கு அனுப்ப ஏற்பாடு நடந்துகொண்டிருந்தபோது, மதிய வேளையில் வாயிலில் ஒரு கார் வந்து நின்றது. இறங்கியவரைக் கண்டதும் சிறுவன், "வாப்பா!" என்று ஓடினான். இளம் ஆசிரியர் அப்படியே சுவரில் சாய்ந்துவிட்டார்.

இறந்தவர் பாட்டனார். காயலிலும் கீழக்கரையிலும், இலங்கை முஸ்லிம்களிடத்தும் பாட்டனாரை அப்பா என்று அழைக்கும் வழக்கம் உண்டு. தந்தை வாப்பா, தாய் உம்மா. 17ஆம் நூற்றாண்டில் வாழ்ந்து கீழக்கரையில் அடங்கியுள்ள மார்க்க மேதை சதக்கத்துல்லாஹ் அப்பா அவர்களின் பெயரிலுள்ள அப்பாவும், மூத்த பெருமக்களுக்கு மக்கள் சூட்டிய அந்த மரியாதைதான். "யாருடைய அப்பா? உன்னைப் பெற்றவரா?" என்று ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும். ஆனால் அப்பா என்ற சொல்லுக்குப் பொருள் கேட்கத் தமிழ்நாட்டில் யாருக்குத்தான் தோன்றும்? நான் அவ்வாசிரியரைக் குறை கூற மாட்டேன்.

அரபு மொழியறிஞர்கள் இதற்கு ஒரு பழங்கதை சொல்வார்கள். யமன் நாட்டில் ஹிம்யர் வமிச மன்னர்களின் தலைநகரம் ளஃபார். வடக்கேயிருந்து வந்த ஓர் அரபியர் அம்மன்னனைக் காணச் சென்றார். மன்னன் உயரமான ஓரிடத்தில் வீற்றிருந்தான். வந்தவரை நோக்கி, "ஸிப்" என்றான். ஹிம்யர் பேச்சில் அதற்கு அமர்க என்று பொருள். வந்தவர் பேச்சிலோ குதி என்று பொருள். மன்னன் சொல்லைத் தட்டக் கூடாதென்று அவர் அங்கிருந்து குதித்து மாண்டார். செய்தியறிந்த மன்னன், ளஃபாருக்குள் வருகிறவன் ஹிம்யர் மொழியைப் பேசிப் பழகட்டும் என்றானாம்! விருந்தினர்மீதே பழியைப் போட்டுவிட்ட அந்த நீதி எனக்கு உடன்பாடில்லை. உயரத்தில் அமர்ந்திருப்பவனுக்குத்தான் விளக்கிச் சொல்லும் கடமை அதிகம்.

நம் பெருமானார் (ஸல்) அவர்களின் வழி எப்படி இருந்தது என்று பாருங்கள். நோன்பு நோற்பதற்கு வெள்ளை நூல் கறுப்பு நூலிலிருந்து தெளிவாகும்வரை உண்ணலாம், பருகலாம் என்னும் கருத்துள்ள அல்பகரா அத்தியாயத்தின் 187ஆம் வசனத்தைக் கேட்ட அதீ இப்னு ஹாத்திம் (ரலி) அவர்கள், கறுப்பும் வெள்ளையுமாக இரண்டு கயிறுகளைத் தலையணையின் கீழ் வைத்துக்கொண்டு இரவில் எடுத்தெடுத்துப் பார்த்தார்கள். ஒன்றும் புலப்படவில்லை. காலையில் சென்று சொன்னபோது, அது இரவின் இருளும் விடியலின் வெளிச்சமும் ஆகும் என்று அண்ணலார் விளக்கினார்கள். அத்தனை பெரிய இரவும் பகலும் அடங்க வேண்டுமென்றால் உம் தலையணை மிகவும் அகலம்தான் என்ற கருத்தில் இனிய நகைச்சுவையும் அதில் கலந்திருந்தது. புகாரியில் பதிவாகியுள்ள செய்தி இது. அதீ (ரலி) அவர்களுக்கு நூல் என்ற சொல் தெரியாமல் இல்லை; நன்கு தெரிந்திருந்ததுதான் தடையாயிற்று.

நிற்க. மறுபடியும் காயலுக்கு வருவோம்.

அங்கே காலை உணவுக்குப் பசியாறுதல் என்று பெயர். உள்நாட்டிலிருந்து செல்லும் விருந்தினர் நடுப்பகலில் வழியிலேயே உண்டுவிட்டு, "பசியாறிவிட்டேன்" என்று சொன்னால், காலைச் சிற்றுண்டியோடு வந்திருக்கிறார் பாவம் என்று எண்ணி முழு விருந்தையும் எடுத்து வைத்துவிடுவார்கள்! மறுப்புச் சொற்களிலும் சிக்கல் உண்டு. எங்கள் பக்கம் முதல்முறை "வேண்டாம்" என்றால் அது நாணம். மூன்றாவது முறை சொன்னால்தான் வேண்டாம். நகரத்தில் வளர்ந்த பிள்ளைகளுக்கோ முதல் வேண்டாமே முடிவு. இதனால் பசியோடு எழுந்த விருந்தினரும், நம் சோறு இவருக்குப் பிடிக்கவில்லை போலும் என்று வருந்திய வீட்டாரும் ஏராளம். உணவு தரப்பட்டபோது விருப்பமில்லை என்று சொன்ன பெண்களிடம், பசியோடு பொய்யையும் சேர்த்துக்கொள்ள வேண்டாம் என்ற கருத்தில் அண்ணலார் அறிவுறுத்தியதை அஸ்மா பின்த் யஸீத் (ரலி) அவர்கள் வழியாக இப்னு மாஜா பதிவு செய்திருக்கிறார். நாம் அதைப் பயான்களில் கேட்கிறோம். சஹனின் முன்னால் அமர்ந்ததும் மறந்துவிடுகிறோம்.

காலத்தைக் குறிக்கும் சொற்களோ இன்னும் ஆபத்தானவை. நமக்கு நாள் என்பது மஃரிபோடு தொடங்குகிறது. பகல் பின்னால் வருகிறது. ஆகவே வெள்ளி இரவு என்று நம் பெரியோர் சொன்னால் அது வியாழக்கிழமை சூரியன் மறைந்த பிறகு வரும் இரவு. திருமண அழைப்பிதழ்களிலும் மீலாது அறிவிப்புகளிலும் "வியாழன் பின்னேரம், வெள்ளி இரவு" என்று அச்சிட்டிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அந்த இரண்டு சொற்கள் சும்மா போடப்பட்டவை அல்ல. காயல் வணிகர் ஒருவர், சாத்தூரிலிருந்த தம் நெடுநாள் தொழில் நண்பருக்கு அழைப்பிதழ் அனுப்ப நேரமின்றித் தொலைபேசியில் மட்டும், "வெள்ளி இரவு நிகாஹ், குடும்பத்தோடு வந்துவிட வேண்டும்" என்றார். நண்பர் முஸ்லிம் அல்லர். வெள்ளிக்கிழமை மாலை ஏழு மணிக்குப் பட்டுச்சேலையும் பரிசுப் பொருளுமாகக் குடும்பம் வந்து இறங்கியபோது பந்தல்காரர்கள் கடைசிக் காலைப் பிடுங்கிக்கொண்டிருந்தனர். விருந்தில் தம்மைச் சேர்க்க விரும்பாமல் நாளை மாற்றிச் சொல்லிவிட்டார்களோ என்று அவருக்கு ஒரு கணம் தோன்றியதாம். இவருக்கோ, முப்பது ஆண்டு நட்பில் முதல் நாள் வரவில்லையே என்ற மனத்தாங்கல். நல்லவேளை, இருவரும் நேருக்கு நேர் நின்றார்கள், பேசிவிட்டார்கள். கைப்பேசியில் மட்டும் பேசி முடித்திருந்தால் அந்நட்பு என்னவாகியிருக்கும் என்று சொல்ல முடியாது.

பெண்கள் பேச்சிலும் ஒன்று சொல்லலாம். நம் வீடுகளில் மனைவி தன் கணவரை "எங்க மாப்பிள்ளை" என்பார். ஊருக்கு வெளியே ஒரு மருத்துவமனையில் இளம்பெண்ணொருத்தி அப்படிச் சொல்லக் கேட்ட செவிலியர், இந்த வயதில் இவளுக்கு மருமகனா என்று மலைத்து நின்றதை நான் நேரில் கண்டேன்.

இந்த மாப்பிள்ளை என்ற சொல்லும், வீடு என்ற சொல்லும் சேர்ந்து செய்த ஒரு காரியத்தைத்தான் நான் முதன்மையாகச் சொல்ல வந்தேன். அதற்குக் காயலின் வீதியமைப்பை நீங்கள் அறிய வேண்டும். அங்கே தெருக்கள் நீளமானவை. வீடுகளின் இடையே முடுக்கு எனப்படும் குறுகலான சந்துகள் ஓடுகின்றன. ஆடவர் நடமாட்டமுள்ள பெருந்தெருவுக்கு வராமலே பெண்கள் உறவினர் வீடுகளுக்கு அவ்வழியே சென்று வருவர். இது ஏற்பட்டதற்குக் காரணம், வீடு அங்கே பெண்ணுக்கு உரியது. திருமணமானதும் பெண் புகுந்த வீட்டுக்குப் போவதில்லை. மாப்பிள்ளைதான் பெண்வீட்டுக்கு வருகிறார். தாயும் மகள்களும் அடுத்தடுத்து வாழ்கின்றனர். காயல் ஆடவர் "வீட்டுக்குப் போகிறேன்" என்றால், உம்மா வீட்டுக்கா, மனைவி வீட்டுக்கா என்று கேட்க இடமுண்டு. பெண்ணைப் பெற்றவர் ஒவ்வொரு மகளுக்கும் ஒரு வீடு கொடுக்க வேண்டியிருப்பதால் நடுத்தரக் குடும்பங்கள் படும் பாடு தனிக் கதை; அதை நான் புகழ மாட்டேன். ஆனால் திருமணத்தால் ஒரு பெண் தன் தாயின் அருகாமையை இழப்பதில்லை என்பதைக் கண்டு எங்கள் பக்கத்துப் பெண்கள் பெருமூச்சு விட்டிருக்கிறார்கள்.

எங்கள் பக்கத்திலோ, "வீட்டோடு மாப்பிள்ளை" என்பது ஏச்சு. சம்பாதிக்க வக்கற்றவன், மாமனார் சோற்றை உண்பவன் என்று பொருள்.

காயலில் பெரும்பாலும் ஊருக்குள்ளேயே சம்பந்தம் செய்துகொள்வர். அரிதாக ஒரு குடும்பத்தார், திண்டுக்கல்லை அடுத்த ஓர் ஊரில் மாப்பிள்ளை பார்த்தனர். பெண்ணின் சகோதரர் முன்பு என்னிடம் ஓதியவர். சென்னையில் அந்த இளைஞரோடு ஒரே அலுவலகத்தில் பணி செய்தவர். இளைஞரின் தந்தை முன்பே காலமாகிவிட்டார். தாயார் தையல் தைத்து ஒரே மகனைப் பொறியாளர் ஆக்கியவர். இரு தரப்புக்கும் பிடித்திருந்தது. பேசி முடிப்பதற்காக அத்தாயாரும் தாய்மாமனும் காயலுக்குச் சென்றனர். பெண்ணின் தந்தை நிறைந்த மனத்தோடு, "இனி உங்கள் மகனைப் பற்றி உங்களுக்குக் கவலையே வேண்டாம். அவர் எங்கள் வீட்டில்தான் இருக்கப் போகிறார்" என்றார்.

ஒரு காயல் தந்தை சொல்லக்கூடிய மிக உயர்ந்த வார்த்தை அது. என் வீட்டையே தருகிறேன், என் மகனாக வைத்துக்கொள்கிறேன் என்பது அதன் பொருள். கேட்ட தாயாருக்கோ நெஞ்சில் தைத்தது. அவர் அமைதியாக, "அல்லாஹ் எங்களுக்கும் ஒரு வீட்டைக் கொடுத்திருக்கிறான்" என்றார். என் மகன் யாரையும் அண்டிப் பிழைக்க வேண்டியவன் அல்லன் என்பது அவர் கருத்து. பெண்ணின் தந்தைக்கு அது எப்படிக் கேட்டது தெரியுமா? உங்கள் வீடு எங்களுக்குப் பொருட்டல்ல, வேறு ஏதாவது தருவதாக இருந்தால் சொல்லுங்கள் என்று கேட்டது. பணத்தை எதிர்பார்க்கிறார்கள் என்று முடிவு செய்துகொண்டார்.

யாரும் குரலை உயர்த்தவில்லை. தேநீர் பருகினார்கள். ஸலாம் சொல்லிப் பிரிந்தார்கள். அவர்கள் தொடரட்டும் என்று இவர்களும், இவர்கள் தொடரட்டும் என்று அவர்களும் ஐந்து மாதம் இருந்தனர். பிறகு பெண்ணுக்கு உள்ளூரிலேயே வேறிடத்தில் நிகாஹ் நடந்தது. அதற்கும் பின்னர்தான் அந்தச் சகோதரர் என்னிடம் வந்து, "எங்கள் வாப்பா என்ன தவறாகச் சொல்லிவிட்டார் ஹஜ்ரத்?" என்று கேட்டார். அவர் சொல்லச் சொல்ல எனக்கு எல்லாம் விளங்கியது. ஐந்து மாதத்துக்கு முன் வந்திருந்தால் ஒரு நாள் பயணத்தில் தீர்ந்திருக்கும்.

அல்பகரா அத்தியாயத்தின் 104ஆம் வசனத்தை அவருக்கு நினைவூட்டினேன். நபியவர்களிடம் எங்களைக் கவனியுங்கள் என்னும் பொருளில் நம்பிக்கையாளர்கள் "ராஇனா" என்று சொல்லி வந்தனர். நல்ல சொல்தான். ஆனால் சிலர் அதைத் திரித்து ஏளனமாக ஒலித்தனர். அந்த இடுக்குக்கே வழியின்றி, "உன்ளுர்னா" என்று சொல்லுமாறு இறைவன் கட்டளையிட்டான். சொல்பவரின் உள்ளம் தூய்மையாக இருந்தும், கேட்கும் செவியை முன்னிட்டுச் சொல்லை மாற்றச் சொன்ன வசனம் அது. உங்கள் வாப்பா தவறாக எதுவும் சொல்லவில்லை. அந்த அம்மையாரும் தவறாகச் சொல்லவில்லை. எங்கள் ஊர் வழக்கம் இது என்று ஒரு வாக்கியம் முன்னால் வந்திருக்க வேண்டும் என்றேன். அவர் தலைகுனிந்து கேட்டுக்கொண்டிருந்தார். திண்டுக்கல் தாயாருக்கும் உறவினர் மூலம் செய்தியைத் தெரிவித்தேன். பதில் ஏதும் வரவில்லை.

இரண்டாண்டு கழித்துச் சென்னையில், இருவருக்கும் பொதுவான ஒரு நண்பர் வீட்டுத் திருமணத்தில் இரு தாயார்களும் பெண்கள் பகுதியில் எதிரெதிரே அமர நேர்ந்தது. அதற்குள் அந்த இளைஞருக்கும் மணமாகியிருந்தது. அருகிலிருந்த தம் மனைவி சொன்னதாக அந்தச் சகோதரர்தான் எனக்குத் தெரிவித்தார். திண்டுக்கல் தாயார் தயங்கித் தயங்கி, "அன்றைக்கு உங்கள் வீட்டுக்காரர் எங்களை உயர்த்தித்தான் சொன்னாரா?" என்று கேட்டிருக்கிறார். காயல் தாயார் அவர் கையைப் பற்றிக்கொண்டு சொன்னாராம்: "மாடிக்கு வெள்ளையடித்து வைத்திருந்தோம் தங்கச்சி. நீங்கள் தனியாக இருப்பீர்களே என்று, கீழறையில் உங்களுக்கும் ஒரு கட்டில் வாங்கிப் போட்டிருந்தோம்."